மிளகு சைஸ் திராட்சையும் திவாலான தேசமும்

போன மாசம் லண்டன்லேருந்து வந்த அக்கா பொண்ணு, சாக்லேட்டோட சேர்த்து ஒரு பாக்கெட்டையும் கையில திணிச்சா. "சித்தி, நீங்கதான் எப்பப் பார்த்தாலும் ஓவன்ல எதையாவது வச்சுக்கிட்டே இருக்கீங்களே, இதைப் போட்டு ஸ்கோன் பண்ணிப் பாருங்க"ன்னா. பிரிச்சா, கறுப்பா, சுருங்கிப்போய், குட்டிகுட்டியா என்னமோ இருக்கு. மாமியார் எட்டிப் பார்த்துட்டு, "மிளகா? நம்ம ஊர்ல இல்லாத மிளகையா அங்கேருந்து தூக்கிட்டு வந்தா?"ன்னாங்க. ஒண்ணை எடுத்து வாயில போட்ட பிறகுதான் திராட்சைன்னு நம்பினாங்க.

இதுக்குப் பேரு கரண்ட். உடனே மின்வெட்டை நினைச்சுக்காதீங்க :-) கொட்டையே இல்லாத குட்டித் திராட்சையைக் காயவச்சது. பாக்கெட்டுக்குப் பின்னாடி பொடி எழுத்துல, விளைஞ்ச நாடு கிரீஸ்னு போட்டிருந்தது. இங்கிலாந்துப் பலகாரத்துக்குள்ள கிரீஸ் எங்கேருந்து வந்ததுன்னு தேட ஆரம்பிச்சேன். அதுல வந்த வினைதான் இந்தப் பதிவு.

முதல்ல ஸ்கோனோட கதை. பேரைச் சொல்றதுலயே அங்கே ரெண்டு கட்சி. ஸ்காட்லாந்துக்காரங்க 'ஸ்கான்'ம்பாங்க. இங்கிலாந்துல பாதிப்பேர் 'ஸ்கோன்'ம்பாங்க. ஸ்காட்லாந்துல இதே எழுத்துல ஒரு ஊரே இருக்கு, ஆனா அதை 'ஸ்கூன்'னு சொல்லணும். அந்த நாட்டு ராஜாக்கள் உட்கார்ந்து முடிசூடின கல் அந்த ஊர்லதான் இருந்தது. 1296ல இங்கிலாந்து ராஜா முதலாம் எட்வர்ட் தூக்கிட்டுப் போயிட்டார். சரியா 700 வருஷம் கழிச்சு, 1996ல திருப்பிக் கொடுத்தாங்க. ஸ்கோன்ங்கிற பேரு அந்தக் கல்லுலேருந்து வந்ததுன்னு ஒரு கதை சுத்திக்கிட்டிருக்கு. அது சும்மா. நல்ல வெள்ளை ரொட்டியைக் குறிக்கிற பழைய டச்சு வார்த்தையிலேருந்து வந்திருக்கலாம்ங்கறதுதான் பல மொழி ஆராய்ச்சிக்காரங்களோட கட்சி. ஆனா நான் சுட்ட முதல் ஈட்டைப் பார்த்திருந்தா கல்லு கதையை நீங்களும் நம்பியிருப்பீங்க. அது ஏன் கல்லாச்சுன்னு பின்னாடி சொல்றேன்.

எழுத்துல இந்த வார்த்தை முதல்ல தலைகாட்டறது 1513ல. கவின் டக்ளஸ்னு ஒரு ஸ்காட்லாந்துக் கவிஞர், வர்ஜிலோட லத்தீன் காவியத்தைத் தன் மொழிக்குக் கொண்டுவந்தப்போ, ரோமாபுரிக் கதைக்குள்ள ஸ்கோனைப் பரிமாறிட்டார். இன்னிக்கு நாம பார்க்கிற உப்பின பன் மாதிரி சமாச்சாரம் இல்லை அது. ஓட்ஸோ பார்லியோ, வசதியிருந்தா கோதுமையோ, மாவைப் பிசைஞ்சு வட்டமாத் தட்டி, அடுப்பு மேலே தட்டையான இரும்புக்கல்லைப் போட்டு சுட்டு எடுக்கிறது. ஆமா, நம்ம தோசைக்கல்லேதான்! வட்டத்தை நாலா வெட்டித் திருப்பிப் போடுவாங்க. இன்னிக்கும் சில இடத்துல ஸ்கோன் முக்கோணமா வர்றது அந்த வெட்டோட மிச்சம்தான்.

இங்கிலாந்தோட வடகிழக்குல, நியூகாசில் பக்கம், 'சிங்கிங் ஹின்னி'ன்னு ஒண்ணு உண்டு. ஹின்னின்னா தேனு, செல்லமே மாதிரி ஒரு கொஞ்சல். மாவுல கொழுப்பையும் இந்தக் கரண்டையும் சேர்த்துத் தட்டிக் கல்லுல போட்டா, கொழுப்பு உருகிச் 'சொய்ங்'னு பாடும். அதான் பாடும் செல்லம். சுரங்கத் தொழிலாளிங்க வீட்டுப் பலகாரம். மாளிகையில வெள்ளித்தட்டுல கிளம்பி வந்த வஸ்து இல்லைங்க இது.

அப்போ அந்த உப்பின ஸ்கோன்? "எங்க பாட்டி, அவங்க பாட்டி காலத்துலேருந்து..."ன்னு ஆரம்பிச்சாங்கன்னா கொஞ்சம் சந்தேகப்படணும். இப்ப இருக்கிற உருவத்துக்கு வயசு 200 வருஷம்கூட இல்லை. அதுக்கு ஆப்பசோடா வரணும். ஆப்பசோடாவுக்கு ஒரு தொழிற்சாலை வேணும்.

கண்ணாடிக்கும் சோப்புக்கும் சோடா உப்பு ஏராளமா தேவைப்பட்ட காலம். சாதாரண உப்புலேருந்து அதைச் செஞ்சு காட்டறவங்களுக்குப் பரிசுன்னு பிரெஞ்சு விஞ்ஞான அகாதமி அறிவிச்சிருந்தது. நிக்கொலா லெப்ளாங்க்னு ஒருத்தர் செஞ்சும் காட்டினார். 1791ல காப்புரிமையும் வாங்கினார். அதுக்குள்ள புரட்சி. தொழிற்சாலையை அரசாங்கம் எடுத்துக்கிச்சு, ரகசியத்தை ஊருக்கே அறிவிச்சிடுச்சு, பரிசுப் பணமும் கைக்கு வரலை. பின்னாடி நெப்போலியன் காலத்துல தொழிற்சாலையைத் திருப்பிக் கொடுத்தாங்க. நடத்தறதுக்குக் காசில்லை. 1806ல மனுஷன் தற்கொலை பண்ணிக்கிட்டார். அவர் காட்டின வழியில இங்கிலாந்துல ஆலைகள் பெருகி, சோடா மலிஞ்சு, 1830-40கள்ல அடுப்படிக்கு வந்து சேர்ந்தது. மோரும் சோடாவும் சேர்ந்தா பொங்கும்ங்கறது நமக்குத் தெரிஞ்ச விஷயம்தான். ஸ்காட்லாந்துலயும் அயர்லாந்துலயும் மோருக்குப் பஞ்சமில்லை, அதனால உடனே பிடிச்சுக்கிட்டாங்க.

மோர் இல்லாத ஊர்க்காரங்களுக்கு வழி பண்ணினவங்கள்ல ஒருத்தர் பர்மிங்காம்ல மருந்துக்கடை வச்சிருந்த ஆல்ஃபிரட் பேர்ட். அவர் மனைவி எலிசபெத்துக்கு முட்டை ஆகாது, ஈஸ்ட்டும் ஆகாது. பிரிட்டிஷ்காரர் வீட்டுல இது ரெண்டும் இல்லாம எதைத்தான் சாப்பிடறது? அவளுக்காகன்னே 1837ல முட்டையில்லாத கஸ்டர்ட் பவுடர், 1843ல பேக்கிங் பவுடர். சோடாவோட ஒரு புளிப்பு உப்பையும் உலர்ந்தபடியே கலந்து வச்சுக்கிட்டா, ஈரம் பட்டதும் பொங்கும். அவ்வளவுதான் சூட்சுமம். கல்யாணத்துக்குப் போட்ட நகையைவிட இதைத்தான் நான் பெரிய சீர்னு சொல்வேன். (எங்க வீட்டுக்காரர் காதுல விழட்டும்னு சத்தமாப் படிச்சும் காட்டிட்டேன். பேப்பர்லேருந்து தலை நிமிரலை.)

இப்போ கல்லு கதை. சோடாவும் புளிப்பும் தண்ணியைப் பார்த்த அந்த நிமிஷமே வாயு கிளம்ப ஆரம்பிச்சிடும். நான் என்ன பண்ணினேன்? சப்பாத்தி மாவு பழக்கத்துல பத்து நிமிஷம் அழுத்தி அழுத்திப் பிசைஞ்சு, ஈரத்துணி போட்டு மூடி, அரைமணி நேரம் ஊறவும் வச்சேன். கிளம்பின வாயுவில் முக்கால்வாசி போயே போச்சு. பிசையப் பிசைய கோதுமை மாவு இழுவையாகி இறுகவும் செஞ்சாச்சு. ஓவனுக்குள்ள போனது ஒரு கல், வெளியே வந்தது சிவந்த கல். அவ்வ்வ்.

சரி, கரண்டுக்கு வருவோம். பேரே ஊர்ப் பேருதான். கொரிந்த்து நகரத்துத் திராட்சைன்னு சொல்லிச் சொல்லி, பழைய பிரெஞ்சு வாய் வழியா வந்து தேய்ஞ்சு கரண்ட் ஆச்சு. (பிளாக்கரண்ட், ரெட்கரண்ட்னு ஜாம் பாட்டில்ல வர்றது வேற செடி, ஒட்டுமில்லை உறவுமில்லை. பார்க்க இது மாதிரி இருக்கேன்னு பின்னாடி பேரை இரவல் வாங்கினது.) விளைச்சல் முக்கியமா பெலொபொனீஸ் வடகரையிலயும், ஜாந்தே, கெஃபலோனியா தீவுகள்லயும். அந்தத் தீவுகள் அப்போ வெனிஸ்காரங்க கையில. இங்கிலாந்துக்காரங்களுக்கு 16ஆம் நூற்றாண்டு முடிவுக்குள்ள இதுமேல ஒரே பைத்தியம். புட்டிங்லயும் இதுதான், ரொட்டியிலயும் இதுதான்.

எவ்வளவு பைத்தியம்னா, ஒரு பெரிய அரசியல் வழக்கே நடந்திருக்கு. ராஜா முதலாம் ஜேம்ஸ் பார்லிமெண்ட்டைக் கேட்காமலே கரண்ட் இறக்குமதிக்குக் கூடுதல் வரி போட்டார். ஜான் பேட்ஸ்னு ஒரு வியாபாரி, "கட்ட மாட்டேன்"னு வண்டியைத் துறைமுகத்துலேருந்து ஓட்டிக்கிட்டுப் போயிட்டார். 1606ல தீர்ப்பு ராஜா பக்கம். ஜேம்ஸுக்குக் குஷி, மத்த சரக்குக்கும் வரியை நீட்டினார். பார்லிமெண்ட் கொதிச்சுது. ஜனங்களோட சம்மதமில்லாம வரி போட ராஜாவுக்கு உரிமை உண்டாங்கற சண்டை அதோட ஓயலை. அவர் மகன் முதலாம் சார்லஸ் 1649ல தலையைக் கொடுக்கிற வரைக்கும் போச்சு. அதுக்குக் காரணங்கள் ஆயிரம்னாலும், பட்டியல்ல இந்த மிளகு சைஸ் திராட்சைக்கும் ஒரு இடம் உண்டு.

19ஆம் நூற்றாண்டுல கிரீஸ் சுதந்திர நாடு. ஏழை நாடு. விக்க உருப்படியா இருந்த சரக்கு இது ஒண்ணுதான்னு சொல்லலாம். பத்ராஸ் துறைமுகத்துலேருந்து கப்பல் கப்பலா இங்கிலாந்துக்குப் போச்சு. இந்த நேரத்துலதான் பிரான்ஸ்ல விதி விளையாடுச்சு. அமெரிக்காவுலேருந்து வந்த ஃபைலோக்ஸரான்னு ஒரு பொடிப் பூச்சி, 1860கள்லேருந்து பிரெஞ்சுத் திராட்சைக்கொடிகளோட வேரைத் தின்னு தீர்த்துச்சு. ஒயினுக்குத் திராட்சை இல்லை. காய்ஞ்ச திராட்சையை ஊறவச்சாவது ஒயின் பண்ணலாமேன்னு பிரெஞ்சுக்காரங்க கிரீஸ் பக்கம் திரும்பினாங்க.

கிரேக்க விவசாயிக்கு அடிச்சது யோகம்! தாத்தா நட்ட ஆலிவ் மரத்தையெல்லாம் வெட்டிப் போட்டுட்டு, கடனை வாங்கிக் கொடி நட்டாங்க. ஒரு ஆலிவ் மரம் நல்லாக் காய்க்க எத்தனை வருஷம் ஆகும்னு யோசிச்சுப் பாருங்க. மஞ்சள் விலை ஏறிச்சுன்னு எல்லாரும் மஞ்சள் போட்ட கதையெல்லாம் நமக்குப் புதுசா என்ன? 1880கள்ல கிரீஸோட மொத்த ஏற்றுமதியில் பாதிக்குப் பக்கம் இந்த ஒத்தைப் பழம்தான்.

பிரான்ஸ் சும்மா இருக்குமா? பூச்சி தாங்கற அமெரிக்க வேர்ல தன் கொடியை ஒட்டுக்கட்டித் தோட்டத்தை மீட்டுடுச்சு. 1892ல வெளிநாட்டுச் சரக்குக்குப் பெரிய வரியையும் போட்டுக் கதவைச் சாத்திடுச்சு. 1893ல கரண்ட் விலை தரையில விழுந்தது. இங்கிலாந்து ஸ்கோனையும் கிறிஸ்துமஸ் புட்டிங்கையும் எவ்வளவுதான் தின்னு தீர்க்கும்? ஏற்கெனவே ரயில், கால்வாய்னு கழுத்து வரைக்கும் கடன்ல இருந்த அரசாங்கம், அந்த வருஷம் டிசம்பர்ல திவாலாச்சு. பிரதமர் திரிகூபிஸ் பார்லிமெண்ட்டுல எழுந்து கையை விரிச்சுட்டார். 1898லேருந்து வெளிநாட்டுக் கமிட்டி வந்து உட்கார்ந்து கணக்குப் பார்க்க ஆரம்பிச்சுது. பெலொபொனீஸ் கிராமத்துப் பசங்க அமெரிக்காவுக்குக் கப்பலேறினாங்க. அடுத்த இருபது வருஷத்துல கிரீஸ் முழுக்கப் போனவங்க லட்சக்கணக்குல. ஊர்ல மிஞ்சினது வயசானவங்களும், வெட்டின ஆலிவ் மரத்தோட கட்டையும்.

இதைப் படிச்ச அன்னிக்கு ராத்திரி அந்தப் பாக்கெட்டைச் சும்மா கையில வச்சுக்கிட்டு உட்கார்ந்திருந்தேன்.

அப்புறம் யுத்தம். பிரிட்டன்ல 1940லேருந்து சர்க்கரையும் வெண்ணெயும் ரேஷன். 1942லேருந்து உலர்ந்த பழத்துக்கும் புள்ளிக்கணக்கு. கேரட்டைத் துருவிப் போட்டு இனிப்புக் காட்டினாங்க. ஸ்கோனுக்குள்ள கரண்ட் எண்ணி விழுந்த காலம். அந்தப் பஞ்சப்பாட்டைப் பத்தி அங்கே புத்தகம் புத்தகமா எழுதியிருக்காங்க, சிரிச்சுக்கிட்டே. அதே 1941-42 குளிர்காலத்துல கிரீஸ் ஜெர்மனி, இத்தாலி, பல்கேரியா கையில. தானியத்தை எதிரிங்க அள்ளிட்டுப் போக, வெளியேருந்து கப்பல் வராம பிரிட்டிஷ் கடற்படை மறிக்க, ஏதென்ஸ் தெருவுல ஜனங்க பசியில செத்து விழுந்தாங்க. ஆக்கிரமிப்பு முடியறதுக்குள்ள பசியால செத்தவங்க 3 லட்சம் வரைக்கும் இருக்கும்ங்கறாங்க.

மறிக்கிறது தன் நாட்டுக் கப்பல்னு தெரிஞ்சும் அதை எதிர்த்துப் பேச இங்கிலாந்துலயே சிலர் இருந்தாங்க. 1942 அக்டோபர் 5ஆம் தேதி ஆக்ஸ்ஃபோர்டுல ஒரு சர்ச்சுல கூடி, கிரீஸுக்குச் சாப்பாடு போக வழிவிடச் சொல்லி ஒரு பஞ்ச நிவாரணக் கமிட்டி ஆரம்பிச்சாங்க. ஆக்ஸ்ஃபோர்டு, ஃபேமின் ரெண்டு வார்த்தையையும் ஒட்டிச் சுருக்கினா என்ன வரும்? ஆக்ஸ்ஃபாம். உலகம் முழுக்க இன்னிக்குத் தெரிஞ்ச அந்தப் பேருக்குப் பிள்ளையார்சுழி கிரீஸோட பசிதான்.

ரெண்டாவது ஈடு போன ஞாயித்துக்கிழமை போட்டேன். செய்முறை கேட்பீங்கன்னு தெரியும். மைதா 225 கிராம், பேக்கிங் பவுடர் ரெண்டு டீஸ்பூன், ஒரு சிட்டிகை உப்பு, சர்க்கரை ரெண்டு டேபிள்ஸ்பூன். ஃப்ரிட்ஜ்லேருந்து எடுத்த வெண்ணெய் 50 கிராமைப் போட்டு விரல் நுனியால உதிர்க்கணும், புட்டு மாவு பதத்துக்கு. கரண்ட் ஒரு கைப்பிடி. கிடைக்கலைன்னா கிஸ்மிஸை ரெண்டாக் கிள்ளிப் போடுங்க, அதுவும் திராட்சைக் குடும்பம்தான். பால் 150 மில்லி வரைக்கும் பிடிக்கும், பார்த்துப் பார்த்து ஊத்துங்க. சேர்ந்து வந்ததும் கையை எடுத்துடணும். பிசையாதீங்க, என் மேல ஆணை! ஒரு அங்குல கனத்துக்குத் தட்டி, டம்ளரால வெட்டி, 220 டிகிரி சூட்டுல பன்னெண்டு நிமிஷம்.

உப்பி வந்துச்சு. மாமியார் நடுவுல பிட்டு, உள்ளே எட்டிப் பார்த்து, "மிளகு கம்மியாப் போட்டிருக்கே"ன்னாங்க. நிஜமாவே கம்மிதான். பாதி பாக்கெட்டை எடுத்து வச்சிருக்கேன். அக்கா பொண்ணு அடுத்து எப்போ வருவாளோ.

ஒண்ணு சொல்ல மறந்துட்டேன். ஓவன்ல வைக்கிறதுக்கு முன்னாடி மேலே துருத்திக்கிட்டிருக்கிற கரண்டையெல்லாம் விரலால உள்ளே அமுக்கி விட்டுடுங்க. வெளியே நீட்டிக்கிட்டிருந்தா கருகிக் கசந்துடும்.