கைதாகுமுன் ஒரு காப்பு

வெள்ளம் வருமுன் அணை கோல வேண்டும் என்பது நம் முன்னோர் மொழி. சட்ட உலகிலும் அத்தகைய அணை ஒன்று உண்டு. முன்ஜாமீன் என்பது அதன் பெயர். கைதான ஒருவரைப் பிணையில் விடுவது ஜாமீன். ஒருவர் கைது செய்யப்பட்டால் அவரைப் பிணையில் விடுதல் வேண்டும் என்று, கைதாகுமுன்பே நீதிமன்றம் ஆணையிட்டு வைப்பது முன்ஜாமீன். இந்த அணை எப்போது எழுந்தது? அதை நாடிச் சென்றவருக்கு அது மறுக்கப்பட்டால் அவர் எங்கே முறையிடுவது? இவற்றைச் சற்றுச் சிந்திப்போம்.

ஆங்கிலேயர் ஆட்சியில், 1898-ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இதற்கு இடமில்லை. கைதாகாத ஒருவருக்குப் பிணை வழங்கலாமா என்பதில் உயர் நீதிமன்றங்களிடையே கருத்து வேற்றுமை நிலவிற்று. வழங்க இயலாது என்பதே பெரும்பான்மைக் கருத்தாயிருந்தது.

1969-ஆம் ஆண்டில் சட்டக் கமிஷன் தனது 41-ஆவது அறிக்கையில் இதனை ஆராய்ந்தது. செல்வாக்குடையோர் சிலர் தம் போட்டியாளர்மீது பொய் வழக்குத் தொடுக்கச் செய்து, சில நாளேனும் அவர்களைச் சிறையில் அடைத்து மானபங்கப்படுத்த முயல்வதை அது எடுத்துக்காட்டிற்று. வழக்கு பொய்யென்று பின்னர் தள்ளுபடியாகலாம். ஆயினும், ஊரார் காணத் தெருவில் காவலருடன் நடந்த அந்த ஒரு நாளை யார் திருப்பித் தருவார்? இக்கருத்தை ஏற்று, 1973-ஆம் ஆண்டுச் சட்டத்தில் 438-ஆவது பிரிவு சேர்க்கப்பட்டது. அது 1974 ஏப்ரல் 1 அன்று நடைமுறைக்கு வந்தது.

முன்ஜாமீன் வழங்கும் அதிகாரத்தைச் சட்டம் செஷன்ஸ் நீதிமன்றத்திற்கும் உயர் நீதிமன்றத்திற்கும் ஒருங்கே அளித்தது. ஆகவே, செஷன்ஸ் நீதிமன்றத்தில் மனுத் தள்ளுபடியானால், அதே பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் புதிதாக மனுச் செய்துகொள்ளலாம். அங்கும் மறுக்கப்பட்டால், அரசியலமைப்பின் 136-ஆவது விதியின்படி உச்ச நீதிமன்றத்தின் தனி அனுமதி பெற்று மேல்முறையீடு செய்தல் வேண்டும். அந்த அனுமதியை உரிமையாகக் கேட்டுப் பெற இயலாது. வழங்குவதும் மறுப்பதும் அந்நீதிமன்றத்தின் விருப்பம். மேலும், மனு நிலுவையில் இருப்பதனாலேயே கைது நின்றுவிடாது. இடைக்காலப் பாதுகாப்பு வேண்டுமாயின் அதற்கும் ஆணை பெறுதல் வேண்டும்.

இத்தகைய மறுப்பு ஒன்றை எதிர்த்து எழுந்த மேல்முறையீடே இந்தச் சட்டத்தின் வரலாற்றில் திருப்பமாக அமைந்தது. குர்பக்ஷ் சிங் சிபியா என்பவர் பஞ்சாபில் அமைச்சராக இருந்தவர். ஊழல் குற்றச்சாட்டின்பேரில் கைதாகலாம் என்று அஞ்சிய அவர் முன்ஜாமீன் கோரினார். 1977-ஆம் ஆண்டில் பஞ்சாப் ஹரியானா உயர் நீதிமன்றத்தின் முழு ஆயம் அதை மறுத்தது. மறுத்ததோடு அமையாமல், இந்த அதிகாரம் அரிதினும் அரிதாகவே பயன்படத் தக்கது என்று கூறிப் பல கட்டுப்பாடுகளையும் வகுத்தது. அவர் உச்ச நீதிமன்றத்தை அணுகினார்.

1980 ஏப்ரலில், தலைமை நீதிபதி சந்திரசூட் முதலிய ஐந்து நீதிபதிகள் தீர்ப்பளித்தனர். சட்டமன்றம் விதிக்காத தடைகளை நீதிமன்றம் தானே புகுத்துதல் தகாது என்று கூறி, முழு ஆயத்தின் தீர்ப்பைப் பெரும்பாலும் தள்ளினர். முதல் தகவல் அறிக்கை பதிவாகுமுன்பே மனுச் செய்யலாம் என்றனர். அதே வேளையில், வெறும் அச்சம் போதாது, கைதாகக்கூடும் என்று நம்பத் தக்க காரணம் வேண்டும் என்றனர். எக்குற்றத்திற்கும் பொருந்துமாறு பொதுப்படையான பாதுகாப்பு அளித்தலும் கூடாது என்று எச்சரித்தனர்.

மறுபக்கத்தையும் மறந்துவிடலாகாது. உண்மையைக் கண்டறியும் கடமை காவல் துறைக்கு உண்டு. அதனாலேயே, விசாரணைக்கு அழைக்கும்போது வருதல், சாட்சிகளை அச்சுறுத்தாதிருத்தல், அனுமதியின்றி நாட்டைவிட்டு நீங்காதிருத்தல் ஆகிய நிபந்தனைகளை நீதிமன்றம் விதிக்கலாம். உத்தரப் பிரதேசமோ, நெருக்கடி நிலைக் காலத்தில், 1976-ஆம் ஆண்டில், அப்பிரிவையே தன் எல்லைக்குள் நீக்கிவிட்டது. நீக்கிய அணை அங்கே மீண்டும் எழுந்தது 2019-ஆம் ஆண்டிலேதான். இடைப்பட்ட 43 ஆண்டுகளில், ஏனைய மாநிலத்தார் பலர் பெற்றிருந்த இந்த வழி அம்மாநில மக்களுக்கு இல்லாது போயிற்று.

2020-ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள், முன்ஜாமீனுக்குப் பொதுவாகக் காலவரையறை விதிக்க வேண்டுவதில்லை என்று தீர்ப்பளித்தனர். 2024 ஜூலை 1 முதல், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற புதிய சட்டத்தின் 482-ஆவது பிரிவில் இந்த ஏற்பாடு இடம்பெற்றுள்ளது.

சட்டம் பயிலப் போகும் மாணவர்கள் இதிலிருந்து ஒன்றை மனத்திற் கொள்ளலாம். தனக்கு மறுக்கப்பட்டதைக் கேட்டு ஒருவர் மேல்மன்றத்தின் படியேறினார். அவர் குற்றம் செய்தவரா அல்லரா என்பது வேறு கேள்வி. அவர் பெற்ற தீர்ப்போ, அவர் முகத்தையும் அறியாத எத்தனையோ பேருக்குக் காப்பாயிற்று. ஒரு நீதிமன்றம் மறுத்ததை மற்றொரு நீதிமன்றம் மீண்டும் ஆராயலாம் என்ற வழி திறந்திருக்கும்வரையில், குடிமகனின் சுதந்திரம் ஏட்டுச் சுரைக்காயாகிவிடாது.