கிர்பாவிட்சாவின் ஸ்ட்ராஸ்

இவிட்சா ஓசிம் 1941 மே 6 அன்று பொஸ்னியாவின் சரயேவோவில் பிறந்தார். ஜெர்மன் விமானங்கள் அந்த நகரத்தின்மீது குண்டு வீசி அப்போது ஒரு மாதம்கூட ஆகவில்லை. மில்யாட்ஸ்கா ஆற்றின் தென்கரையில் இருக்கும் கிர்பாவிட்சா, தொழிலாளர் குடியிருப்புகள் நிறைந்த பகுதி. அங்குள்ள கால்பந்துக் கிளப்பின் பெயர் ஷெலியெஸ்னிச்சார், அதாவது ரயில்வேக்காரன். 1921இல் ரயில்வே பட்டறைத் தொழிலாளிகள் தொடங்கிய கிளப் அது. ஊர்க்காரர்கள் சுருக்கமாக ‘ஷெலியோ’ என்பார்கள். அதே நகரத்தின் இன்னொரு பெரிய கிளப்பான எஃப்கே சரயேவோ 1946இல், போருக்குப் பின் வந்த புதிய அரசின் ஆதரவோடு உருவானது. ஷெலியோவுக்கு அப்படிப்பட்ட பின்பலம் எதுவும் கிடையாது. வாங்கப் பணமில்லாததால் தெருப்பிள்ளைகளையே ஆட்டக்காரர்களாக வளர்த்தெடுப்பது அந்தக் கிளப்பின் வழக்கமாகிப் போனது. ஓசிமும் அப்படி வளர்ந்த பிள்ளைதான்.

1959இல் அவர் ஷெலியோவின் முதல் அணிக்கு வந்தார். கிட்டத்தட்ட ஆறேகால் அடி உயரம். அந்த உயரத்துக்கு எதிர்பாராத மென்மையோடு பந்தைக் காலோடு ஒட்டவைத்து, எதிராளிகளை ஒருவர் பின் ஒருவராக ஏமாற்றிக்கொண்டு போவார். வால்ட்ஸ் நடனம் போல இருக்கிறது என்று, வால்ட்ஸ் இசையமைப்பாளர் ஸ்ட்ராஸின் பெயரால், ரசிகர்கள் அவருக்கு ‘கிர்பாவிட்சாவின் ஸ்ட்ராஸ்’ என்று பெயர் வைத்தார்கள். பொன்னிற முடிக்காக ‘ஷ்வாபோ’, அதாவது ஜெர்மன்காரன், என்ற பட்டப்பெயரும் உண்டு. அதுவே கடைசிவரை நிலைத்தது. பந்தை விட்டுக்கொடுக்க மனம் வராதவர் என்ற குறையும் அவர்மேல் இருந்தது. பின்னாளில் பயிற்சியாளராகி, பந்தைச் சீக்கிரம் விட்டு ஓடு என்று இரண்டு கண்டங்களில் போதித்தவரும் இவர்தான். சரயேவோ பல்கலைக்கழகத்தில் கணிதம் படித்துக்கொண்டிருந்தவர் அவர். கடைசியில் ஆட்டமே தொழிலானது.

அன்று பொஸ்னியாவையும் உள்ளடக்கியிருந்த யூகோஸ்லாவியாவின் தேசிய அணிக்காக 1964 முதல் 1969 வரை 16 ஆட்டங்களில் 8 கோல் போட்டார். 1964 டோக்கியோ ஒலிம்பிக்கில் ஆடியது அவருக்கு ஜப்பானோடு ஏற்பட்ட முதல் அறிமுகம். 1968 ஐரோப்பியக் கோப்பையின் அரையிறுதியில் யூகோஸ்லாவியா, அப்போதைய உலக சாம்பியனான இங்கிலாந்தை ஃபுளோரன்சில் 1-0 என்று வென்றது. அந்த ஆட்டத்தில் காயம்பட்ட ஓசிமால் இறுதிப் போட்டியில் ஆட முடியவில்லை. இத்தாலியோடு முதல் ஆட்டம் 1-1 என்று சமனாகி, மறு ஆட்டத்தில் 0-2 என்று யூகோஸ்லாவியா தோற்றது.

28 வயது ஆகும்வரை ஆட்டக்காரர்கள் வெளிநாட்டுக் கிளப்புகளில் சேரக் கூடாது என்பது அன்றைய யூகோஸ்லாவிய விதி. அந்த வயதை ஒட்டி ஓசிமும் வெளியே போனார். நெதர்லாந்தில் சில காலம் இருந்தபின் 1970 முதல் 1978 வரை பிரான்சில் ஸ்ட்ராஸ்பூர், செடான், வலான்சியென் கிளப்புகளுக்காக ஆடினார். இதில் ஒரு முரண் உண்டு. ஷெலியோ தன் வரலாற்றிலேயே ஒரே ஒருமுறை யூகோஸ்லாவிய லீக்கை வென்றது 1971-72இல். அந்தக் கிளப்பின் மிகப் புகழ்பெற்ற ஆட்டக்காரர் அந்த ஆண்டு ஊரில் இல்லை.

1978இல் திரும்பிவந்து ஷெலியோவுக்கே பயிற்சியாளரானார். 1986 வரை எட்டு ஆண்டுகள். யூகோஸ்லாவிய முதல் பிரிவில் பெல்கிரேடின் ரெட் ஸ்டார், பார்ட்டிசான், ஸாக்ரெப்பின் டினாமோ, ஸ்பிளிட்டின் ஹைடுக் ஆகிய நான்கும்தான் அப்போது பெரிய கிளப்புகள். பொஸ்னியக் கிளப்புகள் அவற்றுக்கு ஆட்டக்காரர்களை வளர்த்துக் கொடுக்கும் நாற்றங்கால்களாகவே பெரும்பாலும் இருந்தன. 1981 மே மாதம் யூகோஸ்லாவியக் கோப்பையான டிட்டோ கோப்பையின் இறுதி ஆட்டத்தில் இரண்டு பொஸ்னிய அணிகள் பெல்கிரேடில் மோதிக்கொண்டது அதனால் ஒரு பெரிய நிகழ்வு. மோஸ்தார் நகரத்தின் வெலேஷ், ஷெலியோவை 3-2 என்று வென்றது. அன்று வெலேஷுக்கு ஆடிய வாஹித் ஹலில்ஹோஜிச், ஷெலியோவுக்கு ஆடிய மெஹ்மெத் பஷ்தாரெவிச் ஆகிய இருவருமே பின்னாளில் தேசிய அணிகளின் பயிற்சியாளர்கள் ஆனார்கள்.

ஓசிமின் ஷெலியோ எட்டிய உச்சம் 1984-85 யூஃபா கோப்பை. பல்கேரியா, சுவிட்சர்லாந்து, ருமேனியா ஆகிய நாடுகளின் கிளப்புகளையும் டினாமோ மின்ஸ்கையும் வரிசையாக வீழ்த்தி அரையிறுதிக்கு வந்தது. எதிரே ஹங்கேரியின் விடியோட்டன். முதல் ஆட்டத்தில் அங்கே 1-3 தோல்வி. இரண்டாம் ஆட்டத்தில் சரயேவோவில் ஷெலியோ 2-0 என்று முன்னிலை பெற்றது. மொத்தத்தில் 3-3, எதிரியின் மண்ணில் போட்ட கோலுக்கு மதிப்பு அதிகம் என்ற அன்றைய விதிப்படி அந்த நிலை அப்படியே நீடித்தால் இறுதிப் போட்டி, அதுவும் ரியல் மாட்ரிட்டோடு. ஆட்டம் முடியச் சில நிமிடங்களே இருந்தபோது விடியோட்டனின் தற்காப்பு ஆட்டக்காரர் ஒருவர் முன்னேறி வந்து கோல் போட்டுவிட்டார். எந்த பொஸ்னியக் கிளப்பும் ஐரோப்பியப் போட்டியில் இறுதிக்கு அவ்வளவு நெருக்கத்தில் போய் நின்றதில்லை. ஷெலியோ ரசிகர்கள் அந்தக் கோலை இன்றும் ஒரு துக்கச் செய்தியைப் போலவே சொல்வார்கள்.

1984 லாஸ் ஏஞ்சலஸ் ஒலிம்பிக்கில் வெண்கலம் வென்ற யூகோஸ்லாவிய அணிக்குத் துணைப் பயிற்சியாளராக இருந்த ஓசிம், 1986இல் தேசிய அணியின் பொறுப்பை ஏற்றார். தொடக்கம் சரியில்லை. 1987 நவம்பரில் பெல்கிரேடிலேயே இங்கிலாந்திடம் 1-4 என்று தோற்று, 1988 ஐரோப்பியக் கோப்பைக்கு அணி தகுதி பெறவில்லை. ஆனாலும் சங்கம் அவரை நீக்கவில்லை. அன்றைய வழக்கத்துக்கு அது அபூர்வம்.

அந்தப் பதவியின் உண்மையான கஷ்டம் ஆட்டத்தில் இல்லை, பட்டியலில் இருந்தது. ஆறு குடியரசுகளின் பத்திரிகைகளும் தங்கள் ஊர்ப் பிள்ளை அணியில் இருக்கிறானா என்றுதான் பார்த்தன. 1990 உலகக் கோப்பைக்கு இத்தாலி போகுமுன் ஜூன் 3 அன்று ஸாக்ரெப்பில் நெதர்லாந்தோடு ஒரு நட்பு ஆட்டம் நடந்தது. சொந்த நாட்டின் தேசிய கீதத்துக்கே அரங்கம் கூச்சலிட்டது. இத்தாலியில் முதல் ஆட்டத்தில் மேற்கு ஜெர்மனியிடம் 1-4 தோல்வி. பத்திரிகைகள் கேட்ட நட்சத்திரங்கள் எல்லாரையும் ஒன்றாக இறக்கி, அப்படி ஆடினால் என்ன ஆகும் என்று காட்டுவதற்காகவே ஓசிம் அந்த ஆட்டத்தைப் பயன்படுத்தினார் என்று ஒரு கதை உலவுகிறது. கதை அழகாகத்தான் இருக்கிறது. உலகக் கோப்பை ஆட்டம் ஒன்றை ஒரு பயிற்சியாளர் பாடம் நடத்தக் கொடுத்திருப்பார் என்று நம்புவதுதான் கடினம். அடுத்து கொலம்பியாவை 1-0, ஐக்கிய அரபு அமீரகத்தை 4-1 என்று வென்று, வெரோனாவில் ஸ்பெயினையும் திராகன் ஸ்டோய்கோவிச்சின் இரண்டு கோல்களால் 2-1 என்று வீழ்த்தியது அணி.

ஜூன் 30 அன்று ஃபுளோரன்சில் காலிறுதி. எதிரே மரடோனாவின் அர்ஜென்டினா. மரடோனாவை நிழலாகத் தொடரும் வேலை, ஷெலியோவில் ஓசிமிடம் ஆடிய ரெஃபிக் ஷபனஜோவிச்சுக்குத் தரப்பட்டது. 31ஆம் நிமிடத்தில் அவர் சிவப்பு அட்டை வாங்கி வெளியேறினார். மீதி ஆட்டத்தையும் கூடுதல் நேரம் முழுவதையும் பத்துப் பேராக ஆடி, பல நேரங்களில் அர்ஜென்டினாவைவிட நன்றாகவே ஆடி, 0-0 என்று முடித்தார்கள். பெனால்டி உதைகள் தொடங்குமுன் ஓசிம் மைதானத்தை விட்டு உள்ளே நடந்துவிட்டார். பெனால்டி உதைக்க முன்வர ஆட்டக்காரர்கள் பலர் தயங்கினார்கள் என்பார்கள். மரடோனாவின் உதையைக் கோல்காப்பாளர் இவ்கோவிச் தடுத்தார். ஆனால் ஸ்டோய்கோவிச், பிர்னோவிச், கடைசியாகச் சரயேவோக்காரர் ஃபாருக் ஹஜிபெகிச் என மூவர் தவறவிட, 2-3 என்று எல்லாம் முடிந்தது. ஹஜிபெகிச்சின் உதை உள்ளே போயிருந்தால் நாடு உடைந்திருக்காது என்று பேசுகிறவர்கள் அந்த நிலத்தில் இன்றும் உண்டு. ஒரு பெனால்டியின்மேல் ஏற்றக்கூடிய சுமையா அது என்பது வேறு கேள்வி.

1992 ஐரோப்பியக் கோப்பைத் தகுதிச் சுற்றில் ஓசிமின் அணி எட்டு ஆட்டங்களில் ஏழை வென்று, டென்மார்க்கை ஒரே ஒரு புள்ளியில் முந்தித் தேறியது. அதற்குள் குரோயேஷியாவில் போர் தொடங்கி, அங்குள்ள ஆட்டக்காரர்கள் விலகிப் போயிருந்தார்கள். 1991இல் ஓசிம் பெல்கிரேடின் பார்ட்டிசான் கிளப்பையும் சேர்த்துப் பார்த்துக்கொண்டார். 1992 ஏப்ரல் 5 அன்று கிர்பாவிட்சா அரங்கத்தில் ஷெலியோவுக்கும் பெல்கிரேடின் ராட் கிளப்புக்கும் லீக் ஆட்டம் நடக்க இருந்தது. துப்பாக்கிச் சத்தம் கேட்டு அதைக் கைவிட்டார்கள். சரயேவோ முற்றுகை தொடங்கிய நேரம் அது. கிர்பாவிட்சா செர்பியப் படைகளின் கைக்குப் போனது. அரங்கம் போர்முனையிலேயே சிக்கித் தீக்கிரையானது. ஓசிமின் மனைவியும் மகளும் முற்றுகைக்கு உள்ளே மாட்டிக்கொண்டார்கள். அவர் இளைய மகனோடு பெல்கிரேடில் இருந்தார், அதுவும் யூகோஸ்லாவிய ராணுவத்தின் கிளப்பாகத் தொடங்கிய பார்ட்டிசானின் பயிற்சியாளராக.

மே மாதம் நடந்த கோப்பை இறுதியில் பார்ட்டிசான் ரெட் ஸ்டாரை 1-0, 2-2 என்று இரண்டு ஆட்டங்களில் மடக்கிக் கோப்பையை வென்றது. இரண்டு நாள் கழித்து, மே 23 அன்று, ஓசிம் பத்திரிகையாளர்கள் முன் வந்து தேசிய அணியை விட்டு விலகுவதாக அறிவித்தார். தன் நகரத்துக்காகத் தன்னால் செய்ய முடிந்தது இது ஒன்றுதான் என்றார். தான் சரயேவோவில் பிறந்தவன் என்பதை மறந்துவிட வேண்டாம் என்றார். பேசும்போதே அழுதார். ஒரு வாரத்தில் ஐநா பொருளாதாரத் தடை விதித்தது. ஐரோப்பியச் சங்கம் யூகோஸ்லாவியாவை நீக்கி டென்மார்க்கை உள்ளே எடுத்தது. டென்மார்க் அந்தக் கோப்பையையே வென்றது.

அதன்பின் இரண்டு ஆண்டுகள் கிரீஸில் பானாதினாய்கோஸ். 1993இல் கிரேக்கக் கோப்பை. சரயேவோவில் இருந்த குடும்பத்தை அவர் மீண்டும் பார்க்க 1994 வரை ஆனது. அந்த ஆண்டு ஆஸ்திரியாவின் கிராட்ஸ் நகரத்துக்குப் போனார். ஸ்டூர்ம் கிராட்ஸ் 1909இல் தொடங்கிய கிளப். ஓசிம் வரும்வரை ஒருமுறைகூட லீக்கை வென்றதில்லை. 1998இலும் 1999இலும் அடுத்தடுத்து வென்றது. மூன்று ஆஸ்திரியக் கோப்பைகளும் சேர்ந்தன. மூன்று ஆண்டுகள் தொடர்ந்து சாம்பியன்ஸ் லீக்கில் ஆடியது. 2000இல் ரேஞ்சர்ஸிடம் 0-5, மொனாக்கோவிடம் 0-5 என்று உதை வாங்கிய பிறகும், போட்ட கோலைவிட வாங்கிய கோல் அதிகமாக இருந்தும், தன் பிரிவில் முதலிடம் பிடித்தது. கணக்கு படித்தவருக்கு இந்த விசித்திரம் பிடித்திருக்க வேண்டும்.

2003இல் ஜப்பானின் ஜெஃப் யுனைட்டட் அவரை அழைத்தது. பணமில்லாத, பெரிய பெயரில்லாத கிளப். ஒரு வகையில் இன்னொரு ஷெலியோ. இங்கேதான் அவருடைய பயிற்சி முறை ஒரு பாடமாகவே பேசப்பட்டது. ஆட்டக்காரர்களுக்கு இரண்டு நிற மேலங்கிகளுக்குப் பதில் ஐந்தாறு நிறங்களைக் கொடுப்பார். ஒரே நிறத்தவருக்குப் பந்தைத் தரக் கூடாது, வந்தவனுக்கே திருப்பித் தரக் கூடாது என்று விதி போடுவார். நடுவில் விதியை மாற்றுவார். பந்து வருமுன்பே நாலாபுறமும் பார்த்து, யோசித்து, ஓடிக்கொண்டே இருந்தாக வேண்டும். யோசித்துக்கொண்டே ஓடும் கால்பந்து என்று ஜப்பானியர் இதற்குப் பெயர் வைத்தார்கள். 2005இல் ஜெஃப் லீக் கோப்பையை வென்றது. அதே ஆண்டு வெளிவந்த, யுகிஹிகோ கிமுரா எழுதிய ‘ஓசிமின் சொற்கள்’ நூல் பெரும் விற்பனை கண்டது.

2006இல் ஜப்பான் தேசிய அணி அவர் கைக்கு வந்தது. அந்த அக்டோபரில் ஆசியக் கோப்பைத் தகுதி ஆட்டத்துக்காக அவர் அணியோடு பெங்களூருக்கும் வந்தார். இந்தியாவை ஜப்பான் 3-0 என்று வென்றது. 2007 ஆசியக் கோப்பையில் நான்காம் இடம். அந்த நவம்பரில் வீட்டில் தொலைக்காட்சியில் ஒரு ஆட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தபோது பக்கவாதம் தாக்கியது. பல நாள் நினைவிழந்து கிடந்து பிழைத்தார். பயிற்சியாளர் வாழ்க்கை அதோடு முடிந்தது.

பொஸ்னியக் கால்பந்துக்கு அவர் செய்த பெரிய வேலை அதற்குப் பிறகுதான் வந்தது. போருக்குப் பிந்தைய பொஸ்னியாவில் அரசைப் போலவே கால்பந்துச் சங்கத்துக்கும் போஸ்னியாக், செர்பியர், குரோயேஷியர் என்று மூன்று தலைவர்கள் சுழற்சி முறையில் இருந்தார்கள். ஒரே தலைவர் வேண்டும் என்ற ஃபிஃபாவின் நிபந்தனையைச் சங்கம் ஏற்க மறுத்ததால், 2011 ஏப்ரல் 1 அன்று பொஸ்னியா சர்வதேசக் கால்பந்திலிருந்து இடைநீக்கம் செய்யப்பட்டது. சீரமைப்புக் குழுவின் தலைமை எழுபதை எட்டிக்கொண்டிருந்த, நோயில் தளர்ந்த ஓசிமிடம் வந்தது. பொஸ்னியாவுக்குள் இருக்கும் செர்பியக் குடியரசுப் பகுதியின் அன்றைய அதிபர் மிலோராத் தோதிக் உட்பட எல்லாத் தரப்பினரையும் நேரில் சந்தித்துப் பேசினார். மே மாத இறுதிக்குள் புதிய விதிமுறை நிறைவேறியது, தடை நீங்கியது. 1990இல் பெயர்ப் பட்டியலுக்காக ஆறு குடியரசுகளோடு மல்லுக்கட்டிய அனுபவம் இங்கே கைகொடுத்தது என்றே சொல்ல வேண்டும்.

2013 அக்டோபரில் லித்துவேனியாவின் கௌனஸ் நகரில் 1-0 என்று வென்று, பொஸ்னியா முதன்முறையாக உலகக் கோப்பைக்குத் தகுதி பெற்றது. அந்த அணியின் பயிற்சியாளர் சாஃபெத் சுஷிச், 1990இல் ஓசிமிடம் ஆடியவர். ஷெலியோவைப் போருக்குப் பின் ஐந்து முறை பொஸ்னிய சாம்பியனாக்கியவர் ஓசிமின் மூத்த மகன் அமார். தந்தைக்கு அந்தக் கிளப்போடு ஒருபோதும் கிட்டாத லீக் பட்டம் அது.

ஓசிம் 2022 மே 1 அன்று, 81 வயதாக ஐந்து நாள் இருக்கும்போது, கிராட்ஸில் இறந்தார். உடலைச் சரயேவோவுக்குக் கொண்டுவந்து பாரே கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்தார்கள்.