சையது அப்துல் ரகீம்

சையது அப்துல் ரகீம் (ஆகஸ்ட் 17, 1909 - ஜூன் 11, 1963) இந்தியத் தேசியக் காற்பந்து அணியின் பயிற்றுநராக 1950 முதல் தமது இறப்பு வரை பணியாற்றியவர். இவரது பயிற்சியில் இந்தியா 1951, 1962 ஆகிய ஆண்டுகளில் ஆசிய விளையாட்டுப் போட்டிகளில் தங்கப் பதக்கம் வென்றது. 1956 மெல்பேர்ண் ஒலிம்பிக்கில் நான்காம் இடம் பெற்றது.

== தொடக்க காலம் ==
ஐதராபாத்தில் பிறந்த ரகீம், உசுமானியா பல்கலைக்கழகத்தில் பயின்று பள்ளி ஆசிரியரானார். பின்னர் ஐதராபாத் நகரக் காவல்துறை அணிக்குப் பயிற்சியளித்தார். அவ்வணி 1950 முதல் 1954 வரை தொடர்ந்து ஐந்து முறை ரோவர்சு கோப்பையை வென்றது. கால் மாற்றி ஆடும் பழக்கம் வர வேண்டும் என்பதற்காக, வலிமை குறைந்த காலால் மட்டுமே பந்தை உதைக்க வேண்டும் என்ற விதியுடன் இவர் போட்டிகள் நடத்தினார். பந்தை வைத்துக்கொண்டு ஓடாமல் உடனே பிறருக்குக் கடத்த வேண்டும் என்ற போட்டிகளும் உண்டு. இவற்றை ஆசிரியர் ஒருவரின் பாடமுறை எனலாம்.

== தேசிய அணி ==
1951இல் புது தில்லியில் நடைபெற்ற முதலாவது ஆசிய விளையாட்டுப் போட்டியின் இறுதியாட்டத்தில் இந்தியா ஈரானை 1-0 எனத் தோற்கடித்தது. அடுத்த ஆண்டு எல்சிங்கி ஒலிம்பிக்கில் யுகோசுலாவியாவிடம் 1-10 எனப் படுதோல்வி அடைந்தது. வீரர்கள் பலர் அப்போது காலணியின்றி ஆடினர்.

நான்கே ஆண்டுகளில் நிலை மாறியது. மெல்பேர்ணில் ஆத்திரேலியாவை 4-2 என வென்ற ஆட்டத்தில் நெவில் டிசூசா மூன்று கோல்கள் அடித்தார். ஒலிம்பிக் காற்பந்தில் அரையிறுதிக்கு முன்னேறிய முதல் ஆசிய அணி இந்தியாவே. அரையிறுதியிலும் முதல் கோலை அடித்தது இந்தியா. எனினும் யுகோசுலாவியா 4-1 என வென்றது. 1960 உரோம் ஒலிம்பிக்கில் பிரான்சுடன் 1-1 எனச் சமன் செய்த போதும் முதற் சுற்றைக் கடக்க இயலவில்லை.

== ஜகார்த்தா, 1962 ==
ரகீம் அப்போதே புற்றுநோயால் பாதிக்கப்பட்டிருந்தார். முதல் ஆட்டத்தில் தென் கொரியாவிடம் 0-2 எனத் தோல்வி. தாய்லாந்துடனான ஆட்டத்தில் தடுப்பாட்டக்காரர் ஜர்னைல் சிங் தலையில் காயமுற்றுத் தையல் போட வேண்டியதாயிற்று. அவரை வெளியே அமர்த்தாமல், அரையிறுதியில் நடு முன்னாட்டக்காரராக இறக்கினார் ரகீம். தென் வியட்நாமை இந்தியா 3-2 என வென்றது. ஜர்னைலும் ஒரு கோல் அடித்தார்.

இசுரேல், தாய்வான் அணிகளுக்கு இந்தோனேசியா அனுமதி மறுத்ததை இந்திய அதிகாரி ஒருவர் கண்டித்திருந்ததால் பார்வையாளர்கள் இந்திய அணிக்கு எதிராகக் கூச்சலிட்டனர். செப்டம்பர் 4 அன்று, அந்தக் கூச்சலுக்கிடையே, அதே தென் கொரியாவை இந்தியா 2-1 என வென்றது. பி. கே. பானர்ஜியும் ஜர்னைல் சிங்கும் கோல் அடித்தனர். மெட்ராஸ் ரெஜிமெண்டல் சென்டர் அணியில் ஆடி வளர்ந்த பீட்டர் தங்கராஜ் கோல் காப்பாளராக நின்றார்.

== இறப்பிற்குப் பின் ==
ஒன்பது மாதங்களில் ரகீம் காலமானார். ஆசிய விளையாட்டுக் காற்பந்தில் இந்தியா அதன்பின் தங்கம் வென்றதில்லை. 1970இல் பாங்காக்கில் வென்ற வெண்கலமே அதன் கடைசிப் பதக்கம். அவ்வணியின் பயிற்றுநர்களுள் ஒருவர் பி. கே. பானர்ஜி. ரகீமின் மகன் சையது சாகித் அக்கீம் 1960 ஒலிம்பிக் அணியில் இடம்பெற்றவர். ரகீமின் வாழ்க்கையைத் தழுவிய 'மைதான்' என்னும் இந்தித் திரைப்படம் 2024இல் வெளியானது. அஜய் தேவ்கன் அதில் ரகீமாக நடித்தார்.