சந்தா சாகிபைக் கொன்றது யார்?

தோழர்களே, திருச்சி மலைக்கோட்டையில் ஏறி வடக்கே பாருங்கள். காவிரிக்கு அப்பால் தெரியும் ஸ்ரீரங்கம் கோயில் 1752 ஜூனில் படை முகாமாக இருந்தது. உள்ளே ஆற்காடு நவாப் பட்டத்துக்கு உரிமை கோரிய சந்தா சாகிபும் பிரெஞ்சுப் படையும். சுற்றிலும் முகமது அலிக்காக வந்த ஆங்கிலேயர், தஞ்சை, மைசூர் படைகள்.

தப்ப வழியில்லாத சந்தா சாகிப், உயிருக்கு உத்தரவாதம் பெற்று தஞ்சைத் தளபதி மானோஜியிடம் சரணடைந்தார். காவலிலேயே தலை வெட்டப்பட்டு முகமது அலிக்குப் போனது. உத்தரவு யாருடையது? புதுச்சேரியின் டூப்ளே, ஆங்கிலத் தளபதி லாரன்ஸைக் குற்றம் சாட்டினார். ஆங்கிலேயர் மானோஜியைக் கைகாட்டினர்.

சிலியில் 1973 ராணுவக் கவிழ்ப்பில் இறந்த அயெந்தேயின் உடலை 2011இல் தோண்டியெடுத்து ஆய்ந்து, தற்கொலை என்று உறுதிசெய்தார்கள். சந்தா சாகிபுக்கு அப்படியொரு விசாரணை இல்லை. எஞ்சியவை எதிரெதிர்த் தரப்பின் எழுத்துகள்தான்.

அவர் உத்தமரல்ல. ராணி மீனாட்சிக்குத் தந்த வாக்கை மீறித் திருச்சியைப் பிடித்தவர். "அவன் யோக்கியனா?" என்றுதான் இன்றும் லாக்கப் சாவுகளை மூடுகிறார்கள். நாம் கேட்கவேண்டிய கேள்வி வேறு: உயிர் யார் காவலில் இருந்தது? அறிக்கையை எழுதியது யார்?