காலத்தை ஆளக் கற்றவர்: வெல்ஸின் பெயரில்லா விஞ்ஞானி உருவான வரலாறு

காலத்தில் முன்னும் பின்னும் போகும் மனிதர்கள் எச். ஜி. வெல்ஸுக்கு முன்பே கதைகளில் உண்டு. 1881இல் நியூயார்க்கின் 'தி சன்' நாளிதழில் வெளிவந்த எட்வர்ட் பேஜ் மிட்செலின் சிறுகதையில், பின்னோக்கி ஓடும் பழைய கடிகாரம் ஒன்று ஆட்களை 1574ஆம் ஆண்டின் லெய்டன் முற்றுகைக்குள் இறக்கிவிடுகிறது. அங்கே காலத்தை ஆள்வது கடிகாரம்தான். விஞ்ஞானி ஒருவர் தாமே கட்டிய பொறியில் ஏறிப் புறப்படுவதை ஸ்பெயின் நாட்டு என்ரிக் காஸ்பரின் 'எல் அனக்ரோனோபெத்தே' நாவலில் (பார்சலோனா, 1887) காண்கிறோம். மின்சாரத்தால் இயங்கும் மாபெரும் இரும்புப் பெட்டி அது. அதைக் கட்டிய டான் சின்துல்ஃபோவுக்கு வேண்டியதோ வேறு: தம்மை மணக்க விரும்பாத, தம் பொறுப்பில் வளர்ந்த பெண்ணை, பெண்கள் எதிர்த்துப் பேச முடியாத ஒரு காலத்துக்குக் கொண்டுபோக வேண்டும். கடைசியில் எல்லாம் கனவாக முடிகிறது.

இந்த வகை விஞ்ஞானி காலத்தை எதற்காகத் தேடுகிறார் என்ற கேள்வியைப் பிடித்துக்கொண்டு போனால், வெல்ஸ் செய்த மாற்றம் தெளிவாகிறது.

வெல்ஸ் 1884இல் தென் கென்சிங்டனின் நார்மல் ஸ்கூல் ஆஃப் சயின்ஸில் சேர்ந்து, முதலாண்டில் தாமஸ் ஹக்ஸ்லியிடம் உயிரியல் படித்தார். 1887இல் பட்டம் பெறாமலே வெளியேறி, வேல்ஸின் ஹோல்ட் என்னும் ஊரில் ஆசிரியரானார். அங்கே கால்பந்தாட்டத்தில் பட்ட அடியால் சிறுநீரகம் நசுங்கி, உடல்நலம் கெட்டுத் திரும்பினார். அடுத்த ஆண்டு, தாம் தொடங்கிவைத்த கல்லூரி இதழான 'சயின்ஸ் ஸ்கூல்ஸ் ஜர்னல்' மூன்று தவணைகளில் வெளியிட்ட கதைதான் 'தி க்ரானிக் ஆர்கோநாட்ஸ்'. அப்போது அவருக்கு வயது 21.

கதையின் நாயகர் மோசஸ் நெபோகிப்ஃபெல். வேல்ஸின் ஒரு கிராமத்தில், கொலை நடந்ததாகப் பேர்போன பாழ்வீட்டில் தனியே குடியேறி, கதவைச் சாத்திக்கொண்டு ஏதோ செய்கிறார். ஊரார் அவரைச் சூனியக்காரராகவே பார்க்கிறார்கள். கூட்டமாகத் திரண்டு தாக்கவும் வருகிறார்கள். தாம் தவறான காலத்தில் பிறந்துவிட்டதாக நம்பும் மனிதர் அவர். தமக்குரிய யுகம் எது என்று கண்டடையவே காலத்தைக் கடக்கிறார். படிப்பில் தோற்று, அந்நிய ஊரில் நோயில் விழுந்த இளைஞரின் மனக்குமுறல் இந்தப் பாத்திரத்தில் அப்படியே ஒலிப்பதாக எனக்குப் படுகிறது. வெல்ஸ் கதையை முடிக்காமலே விட்டுவிட்டார்.

அடுத்த ஏழாண்டுகளில் அவர் செய்த வேலையைக் கவனிக்க வேண்டும். 1890இல் பட்டம் பெற்றார். அஞ்சல்வழிக் கல்லூரி ஒன்றில் உயிரியல் கற்பித்தார். 1893இல் உயிரியல் பாடநூல் எழுதினார். 1894இல் 'நேஷனல் அப்சர்வர்' இதழில் காலப் பயணம் குறித்துப் பெயரிடாமல் தொடர் எழுதினார். 1895 ஜனவரி முதல் மே வரை 'நியூ ரிவ்யூ'வில் வந்த தொடர், மே மாதமே 'தி டைம் மெஷின்' என்று நூலானது.

இப்போது விஞ்ஞானி ரிச்மண்டில் நண்பர்களுக்கு விருந்து வைப்பவர். அவருக்குப் பெயரே இல்லை. 'காலப் பயணி' மட்டுமே. முதலில் நான்காம் பரிமாணத்தை விளக்குகிறார். அமெரிக்க வானியலாளர் சைமன் நியூகோம் நியூயார்க் கணிதக் கழகத்தில் அண்மையில் பேசியதைச் சான்று காட்டுகிறார். நியூகோம் 1893 டிசம்பரில் உண்மையாகவே அங்கே பேசியிருந்தார். பிறகு சிறு கடிகாரம் அளவேயான மாதிரி இயந்திரத்தை மேசைமேல் வைக்கிறார். நெம்புகோலைத் தாமே தொடுவதில்லை. உளவியலாளரின் கையைப் பிடித்து, அவர் விரலாலேயே தள்ளச் செய்கிறார். காற்று வீசியதுபோல் விளக்குச் சுடர் துள்ளுகிறது, ஒரு மெழுகுவர்த்தி அணைகிறது, மாதிரி சுழன்று மங்கி மறைகிறது. சாட்சிகள் முன் சோதனை. ஐயம் கொண்டவரே அதைச் செய்து பார்க்கிறார். வகுப்பறை ஆசிரியரின் பழக்கம் இது. நெபோகிப்ஃபெலைப் புதிய விஞ்ஞானியாக்கியது, நடுவே வெல்ஸ் கற்பித்த ஆண்டுகள்தான் என்பது என் துணிபு.

காலத்தின்மேல் காலப் பயணிக்குள்ள ஆட்சியும் இரண்டு சிறு நெம்புகோல்களில் அடங்கிவிடுகிறது. 8,02,701ஆம் ஆண்டில் இறங்கியதும் அவற்றைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொள்கிறார். அங்கே நிலத்தடியில் வாழும் மார்லாக்குகள் என்னும் உயிர்கள் இயந்திரத்தை இழுத்துப்போய் ஒரு சிலையின் பீடத்துக்குள் ஒளித்துவைக்கின்றன. கடைசியில் இருட்டில் அவை சூழ்ந்து பிடிக்க, அவர் தீக்குச்சியை உரசப் பார்க்கிறார். அதுவோ பெட்டியில் மட்டும் பற்றும் குச்சி; பெட்டி அவரிடம் இல்லை. தடவித் தடவித்தான் நெம்புகோலைப் பொருத்துகிறார். காலத்தை வென்றவரை ஒரு தீப்பெட்டி தடுத்துநிறுத்தும் இந்த இடம், நாவலின் தத்துவப் பகுதிகளைவிட எனக்கு உயர்வானது.

இந்தப் பெயரில்லா மனிதர் நிஜ வாழ்வொன்றையும் திசைதிருப்பினார். 1955இல், பத்து வயதில், ரொனால்ட் மாலட் தம் தந்தையை மாரடைப்பில் இழந்தார். பின்னர் வெல்ஸ் நாவலின் படக்கதை வடிவம் அவர் கைக்கு வந்தது. தந்தையை மீண்டும் காண வேண்டும் என்ற ஏக்கத்தோடு இயற்பியல் படித்து, கனெக்டிகட் பல்கலைக்கழகத்தில் பேராசிரியரானார். வெல்ஸ் தம் நாயகரிடமிருந்து நீக்கிய சொந்த வேட்கை இங்கே திரும்ப வந்துவிட்டது. ஆனால் மாலட் அதைச் சாத்திய கதவுக்குப் பின்னால் வைக்காமல், வட்டமாகச் சுழலும் ஒளிக்கற்றை வெளியையும் காலத்தையும் வளைக்குமா என்ற கணக்காக 2000இல் ஆய்விதழில் வெளியிட்டார். கென் ஓலம், ஆலன் எவரெட் ஆகிய இயற்பியலாளர்கள் ஒளிக்கற்றையால் காலத்தைக் கடக்கும் அந்தத் திட்டம் நடைமுறைக்கு ஒவ்வாது என்று ஆய்விதழிலேயே மறுத்து எழுதினர்.