உரிமம் பறிபோன துணி வணிகர்

வழக்கை விசாரிக்கும் காழி இரு தரப்பையும் கேட்ட பின்னரே தீர்ப்புரைத்தல் வேண்டும் என்பது நாம் அறிந்த ஒழுங்கு. காழியல்லாத அரசு அதிகாரி ஒருவரது கடை உரிமத்தை நீக்கும்பொழுதும் அவ்வொழுங்கு அவரைக் கட்டுப்படுத்துமா? இவ்வினாவை இலங்கைத் துணி வணிகர் நக்குதா அலி இலண்டன் வரை கொண்டு சென்றார்.

ஒரு வணிகர் தொழிலில் நீடிக்கத் தகுதியற்றவர் என நம்புதற்கு நியாயமான காரணம் இருப்பின் அவரது உரிமத்தை நீக்கலாம் என 1945ஆம் ஆண்டின் விதி துணிக் கட்டுப்பாட்டு அதிகாரிக்கு இசைவளித்தது. கூப்பன் கணக்கில் ஐயம் எழ, அலியின் உரிமம் பறிபோயிற்று.

1950இல் பிரிவி கவுன்சிலின் தீர்ப்பை ரேட்கிளிஃப் பிரபு வழங்கினார். நியாயமான காரணம் உண்மையிலேயே இருத்தல் வேண்டும். இருப்பதாக அதிகாரி கருதினால் மட்டும் போதாது என்றார். ஆயினும், உரிமத்தை நீக்குதல் சலுகையொன்றை மீட்டுக்கொள்ளும் நிர்வாகச் செயலேயன்றி நீதிமுறைச் செயலன்று என்றும், நடைமுறையிலும் குறையில்லை என்றும் முடிவாயிற்று. அலி தோற்றார்.

கடையையே பிழைப்பாகக் கொண்ட குடும்பத்திற்கு உரிமம் வெறும் சலுகைதானா? பிரைட்டன் நகரக் காவல்துறைத் தலைவர், விடையளிக்க வாய்ப்பின்றி நீக்கப்பட்ட வழக்கில், 1963இல் பிரபுக்கள் சபையின் ரீட் பிரபு அப்பழைய தீர்ப்பின் போக்கை ஏற்க மறுத்தார். 1966இல் கலைக்கப்பட்ட யாழ்ப்பாண மாநகர சபையின் வழக்கில், வழக்காடிய மேயர் வெல்லாவிடினும், சபையின் சொல் கேட்கப்பட்டிருக்க வேண்டும் எனப் பிரிவி கவுன்சிலே கூறியது.

ஆதலின், அறிவிப்புக் கடிதம் வந்தால் அஞ்சி வாளாவிராது, குற்றச்சாட்டு யாதெனக் கேட்டறிந்து, உரிய காலத்தில் எழுத்தில் விடையளிப்போமாக. கேட்கப்படும் உரிமை, வாய் திறப்பவர்க்கே பயன் தரும்.