வாட் கணக்கும் வெப்பக் கணக்கும்
1960களில் அமெரிக்காவில் வீட்டு ஆம்ப்ளிஃபையர் விற்றவர்கள் பலர், கண்ணிமைக்கும் நேரமே தாங்கும் உச்சத் திறனை வாட் கணக்காக விளம்பரப்படுத்தினார்கள். 1974இல் அந்நாட்டு ஃபெடரல் டிரேட் கமிஷன், தொடர்ந்து தரக்கூடிய திறனைத்தான் சொல்ல வேண்டும் என்று விதித்தது. அளக்குமுன் கருவியை மூன்றில் ஒரு பங்கு திறனில் ஒரு மணி நேரம் ஓட்டவும் சொன்னது. இசையின் உச்சங்கள் நொடியில் மறைந்துவிடும், எனவே இது மிகைக் கண்டிப்பு என்ற வாதத்தில் நியாயம் உண்டு. 2000இல் கொண்டுவந்த திருத்தம் அந்தப் பங்கை எட்டில் ஒன்றாகக் குறைத்தது. ஆனால் ஸ்பீக்கரை அசைக்கும் கம்பிச்சுருளான வாய்ஸ் காயிலைப் பெரும்பாலும் கருக்குவது நொடிநேர உச்சமல்ல, சேர்ந்துகொண்டே போகும் வெப்பம். திறனை இருமடங்காக்கினால் ஒலி 3 டெசிபல்தான் கூடும், வெப்பமோ இருமடங்காகும். ஆகவே எவ்வளவு சத்தம் வைக்கலாம் என்று கணக்கிடத் தொடர் திறனே நம்பகமான அடிப்படை. உச்ச எண் விற்பனைக்கு உதவும், காயிலைக் காக்காது.